ஆள் நம்பர் மேல் ஒரு பிராது

எங்கள் ஊர்க்காரர் ஒருவர் கையில் ஊறுகாய் ஜாடியைக் கொடுத்துப் பாருங்கள். வாய் அகலமா, மூடி பொருந்துகிறதா என்று பார்ப்பதற்கு முன்னால் ஜாடியைக் கவிழ்த்து அடியைப் பார்ப்பார். விருத்தாசலத்தில் பீங்கான் கொட்டகைகள் வந்தபின் தொற்றிய பழக்கம் இது. கொட்டகைகள் தனித்தனி ஆட்களுடையவை. சூளை மட்டும் பொது. எல்லாச் சாமானும் ஒரே நெருப்பில் வெந்து ஒரே வழியாக வெளியே வரும்போது, எது யார் செய்தது என்று தெரிய வேண்டும். அதற்காக மண் பச்சையாக இருக்கும்போதே அடியில் சைக்கிள் ஸ்போக்ஸ் கம்பியால் ஓர் எண்ணைக் கீறிவிடுவார்கள். அதற்கு ஆள் நம்பர் என்று பெயர். வெந்த பிறகு அது அழியாது. புதிதாக வேலைக்கு வந்தவரிடம் பெயரைக் கேட்பதற்கு முன்பே, "ஆள் நம்பரு என்னா?" என்று கேட்பதுதான் வழக்கம்.

நான் அறுபதுகளின் தொடக்கத்திலிருந்து அப்படி ஒரு கொட்டகையில் எழுத்து வேலை பார்த்தேன். நாற்பத்தேழாம் நம்பர் எங்களிடம் வந்தது 1966இல். ஆவணியில் வந்ததாக அவர் கடைசிவரை சாதித்தார். என் நாட்குறிப்பு புரட்டாசி என்கிறது. எப்படியானாலும் அந்த ஆண்டு மழைக்கு முன்னால்.

கொட்டகையில் அவரை ரங்கூன்காரம்மா என்பார்கள். பிறந்தது சேத்தியாத்தோப்புப் பக்கம்தான். கல்யாணமாகிப் பர்மா போனவர். அங்கே கணவர் ஓர் அரிசி ஆலையில் கொதிகலன் பார்ப்பவர். ஆலைகளையும் கடைகளையும் அந்த நாட்டு அரசு எடுத்துக்கொண்டபின் நம்மவர்கள் கப்பல் கப்பலாகத் திரும்பியது எல்லாருக்கும் தெரிந்த கதை. இந்தக் குடும்பத்தில் மட்டும் ஒரு சிக்கல். கொதிகலனுக்கு வேறொருவர் பழகும்வரை கணவரை விட மாட்டோம் என்று ஆலையில் சொல்லிவிட்டார்கள். "நீங்க முன்ன போங்க, நான் அடுத்த கப்பல்ல வரேன்" என்று அவர் மனைவியையும் மகளையும் ஏற்றி அனுப்பினார். அடுத்த கப்பல், அதற்கடுத்த கப்பல் என்று எத்தனையோ கப்பல்கள் வந்தன. அவர் வரவில்லை.

ரங்கூன்காரம்மா மகளோடு தம்பி வீட்டில் தங்கியிருந்தார். தம்பி திட்டக்குடி பஸ்ஸில் கண்டக்டர். அவர்கள் வீடு எங்கள் தெருவிலேயே இரண்டு வீடு தள்ளி. கொட்டகையில் என்னை சார் என்பார். தெருவுக்குள் நுழைந்ததும் அண்ணே ஆகிவிடுவேன்.

1967இல், தேர்தல் முடிந்து ஆட்சி மாறிய அந்தக் கோடையில், ரங்கூனிலிருந்து ஒரு கடிதம் வந்தது. ஆலையில் கடைசியாக விடுவித்துவிட்டார்கள், இந்தியா போக மனுப் போட்டிருக்கிறேன் என்று கணவர் எழுதியிருந்தார். அதன் கீழே இரண்டு வரி. 'ஆபீஸில் உன் ஆள் நம்பர் கேட்கிறார்கள். அது தெரிந்தால் என்னை அனுப்பிவிடுவார்கள். உடனே எழுதவும்.'

ரங்கூன்காரம்மா அன்றைக்கே தபால் ஆபீசுக்கு ஓடினார். பீங்கான் வேலையில் சேர்ந்ததை முந்தைய கடிதத்தில்தான் பெருமையாக எழுதியிருந்தார். ஊருக்குப் போனால் இவனுக்குச் சோறு போட ஆள் இருக்கிறதா என்று சர்க்கார் பார்க்கிறது போலிருக்கிறது, அதனால்தான் வேலை நம்பரைக் கேட்கிறார்கள் என்று எடுத்துக்கொண்டார். 'என் ஆள் நம்பர் 47. நிரந்தரமாகக் கொடுத்துவிட்டார்கள்' என்று எழுதிப் போட்டுவிட்டு, வழியில் பார்த்தவர்களிடமெல்லாம், "அடுத்த மாசம் அவரு வந்துருவாரு" என்று சொல்லிக்கொண்டே வீடு திரும்பினார்.

பதில் வர வாரக்கணக்கில் ஆயிற்று. அந்தக் கடிதத்தை எடுத்துக்கொண்டுதான் முதல்முறையாக எங்கள் வீட்டுக்குள் வந்தார். படிக்கத் தெரியாதவரல்ல. ஆனாலும் என்னைப் படிக்கச் சொன்னார்.

'நாற்பத்தேழு என்று கவுண்டரில் கொடுத்தேன். குமாஸ்தா சிரித்தார். இந்தியா போனவர்களில் நாற்பத்தேழாவது ஆளா உங்கள் சம்சாரம், அவ்வளவு அவசரமாகவா கிளம்பினார் என்று கேட்டார். எனக்குப் பின்னால் நின்றவர்களும் சிரித்தார்கள். அது உன் வேலை நம்பராக இருக்கும் என்று பிறகு புரிந்தது. சந்தோஷம். ஆனால் இவர்கள் கேட்பது கப்பலேறும்போது உனக்குக் கொடுத்த காகிதத்தில் உள்ள நம்பர். உன் பெயரில் இங்கே ஒரு பீரோ நிறையப் பேர் இருக்கிறார்கள். நம்பர் இல்லாவிட்டால் நீ எந்த நீ என்று அவர்களுக்குத் தெரியாதாம். உன் பைலோடு சேர்த்தால்தான் என் மனு நகரும். இல்லாவிட்டால் தள்ளிவிட்டு, மறுபடி வரிசையின் கடைசியில் நிற்கச் சொல்வார்கள். ஆலைக் குடியிருப்பைக் காலி செய்தாயிற்று. சினேகிதர் வீட்டுப் பின்கட்டில் பெட்டியோடு இருக்கிறேன்.'

நான் படித்து முடித்தும் ரங்கூன்காரம்மா தலை நிமிரவில்லை. "நான் ஒரு கூறு கெட்டவ. எல்லார் முன்னாடியும் அவரைச் சிரிக்க வெச்சிட்டேன்."

"நீங்க மட்டுமா?" என்றாள் என் மனைவி. "இந்த ஊர்ல யாருகிட்ட கேட்டிருந்தாலும் அதையேதான் எழுதியிருப்பாங்க. மொதல்ல காகிதத்தை எடுத்துட்டு வாங்க, பாப்போம்."

காகிதம் வந்தது. கப்பலில், முகாமில், ரயிலில் எல்லாம் இடுப்பில் செருகியே வைத்திருந்ததால் எட்டாக மடித்த மடிப்பு அப்படியே படிந்துபோயிருந்தது. நான் விளக்கின் கீழ் விரித்தேன். முழுக்க ஆங்கிலம். இத்தனை எண்களை ஒரே தாளில் நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

"இது என்னாண்ணே?"

"இது அச்சாபீசுல போட்ட நம்பர். எல்லார் தாள்லயும் இதேதான் இருக்கும்."

"இந்த ஊதா மசி?"

"அம்மை குத்தினதுக்கு."

"அப்ப இது?"

"கப்பல்ல நீங்க படுத்த இடம்."

"ஒரு மனுஷிக்கு இத்தனை நம்பரா?" என்றாள் என் மனைவி. "நமக்கு ரேஷன் கார்டு ஒண்ணுதான். அதுவே கிழிஞ்சு கெடக்குது."

ஆளின் தனி எண் என்ற பொருள்படும் கட்டம் நடுவில் இருந்தது. மடிப்பும் அதே இடத்தில்தான் விழுந்திருந்தது. வியர்வையும் மடிப்புமாகச் சேர்ந்து அந்த இடத்தைத் தேய்த்துவிட்டிருந்தன. எண் இருக்க வேண்டிய இடத்தில் நீளவாக்கில் ஓர் ஓட்டை. அதன் வழியே கீழே இருந்த பாய் தெரிந்தது.

மேல் மூலையில் சதுரமாக ஒரு கறை இருந்தது. கோந்து காய்ந்த மினுமினுப்பு. "இங்க ஒரு போட்டோ இருந்திருக்கணுமே?" என்றேன்.

ரங்கூன்காரம்மா மகளைப் பார்த்தார். பத்து வயதுப் பெண். அதற்கு எதையும் அடக்கி வைக்கத் தெரியாது. "அம்மா போட்டோ வேணும்னு அப்பா கேட்டாங்க. வேற போட்டோ இல்ல. அம்மா சோத்துப் பானை ஆவில காட்டி உரிச்சு அனுப்பிட்டாங்க."

"சும்மா இருடி." பிறகு என் பக்கம் திரும்பி மெதுவாகச் சொன்னார். "அந்தப் போட்டோவுல கையில ஒரு பலகையைப் புடிக்க வெச்சிருந்தாங்கண்ணே. அதுல சாக்குக்கட்டியால நம்பரு. திருடியைப் புடிச்சாந்து நிக்க வெச்ச மாதிரி இருந்துது. அவரு அங்க தனியா இருக்கறப்ப இதையா பாத்துக்கிட்டு இருக்கணும்னு பலகையை மட்டும் கத்தரிச்சிட்டு மேல்பாதியை அனுப்பினேன்."

"கத்தரிச்சது எங்க?"

"அடுப்புல."

அந்த நேரம் பார்த்துத் தம்பி டியூட்டி முடிந்து தோள்பையோடு வாசலில் வந்து நின்றார். விஷயத்தைக் கேட்டுவிட்டு, "பஸ்ஸுல டிக்கெட்டைச் சுருட்டி ஜன்னலுக்கு வெளியே போட்டுட்டு, செக்கிங் வந்ததும் என் மூஞ்சியைப் பாத்து முழிக்கிறவங்க தெனம் நாலு பேரு இருக்காங்க யக்கா. அந்தக் கூட்டத்துல நீயும் ஒருத்தின்னு எனக்குத் தெரியாமப் போச்சு" என்றார்.

ரங்கூன்காரம்மா சிரிக்க முயன்று அழுதுவிட்டார். தம்பி தோள்பையை இறக்கி வைத்துவிட்டு அக்கா பக்கத்தில் உட்கார்ந்தார்.

சென்னையில் அகதிகள் விவகாரம் பார்க்கும் அலுவலகத்துக்கு நான் ஆங்கிலத்தில் ஒரு கடிதம் எழுதிப் போட்டேன். பதில் இல்லை. அவர்களைக் குறைசொல்ல மனம் வரவில்லை. ஒவ்வொரு கப்பலிலும் வந்தவர்கள் எத்தனை பேர், அவர்களில் எத்தனை பேர் எதையாவது தொலைத்திருப்பார்கள். ஆனால் ரங்கூனில் பெட்டியோடு பின்கட்டில் உட்கார்ந்திருப்பவருக்கு இந்தச் சமாதானம் உதவாது. ஆனி போய் ஆடி பிறந்தது.

மணவாளநல்லூருக்குப் போய்ப் பிராது கட்டலாம் என்று சொன்னது தம்பி மனைவி. வெளியூர்க்காரர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் அந்தக் கிராமத்து முருகனுக்குக் கொளஞ்சியப்பர் என்று பெயர். அவர் கோயிலில் வேண்டுதலைக் கோர்ட்டு மனுவைப் போலத் தாளில் எழுதிக் கொடுக்க வேண்டும். மனுதாரர் பெயர், ஊர், எதிராளி யார், குறை என்ன, எல்லாம் இருக்க வேண்டும். எதிராளி இருக்கும் இடம் கோயிலிலிருந்து எத்தனை மைல் என்பதும் அதில் உண்டு. சாமி விசாரிக்கப் போய்வர வேண்டுமல்லவா, மைலுக்கு இவ்வளவு என்று அவருக்குப் படி கட்டுவார்கள். அந்தச் சீட்டை வேலில் கட்டிவிட்டு வர வேண்டும். மூன்று மாதத்துக்குள் காரியம் முடியும் என்பது நம்பிக்கை. முடிந்ததும் திரும்பிப் போய்ப் பிராதை வாபஸ் வாங்க வேண்டும். அதற்கு ராஜினாமா என்று பெயர். நான் பக்தன் என்று சொல்லிக்கொள்ள முடியாது. கையெழுத்து நன்றாக இருக்கிறது என்பதற்காக என்னையும், துணைக்கு என் மனைவியையும் அழைத்துப் போனார்கள்.

கோயில் எழுத்தர் ஒரு சின்ன மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். காதில் பென்சில்.

"யாரு மேல பிராது?"

"யாரு மேலயும் இல்லீங்க" என்றார் ரங்கூன்காரம்மா.

"யாரு மேலயும் இல்லாம எப்பிடிம்மா பிராது கட்டுவ? களவு போச்சா? பங்காளித் தகராறா?"

"ஒரு நம்பரு காணாமப் போச்சுங்க."

"என்ன நம்பரு?"

"ஆள் நம்பரு."

எழுத்தர் பென்சிலைக் கீழே வைத்துவிட்டார். "பீங்கான் கொட்டகையில வேலையா? ஏம்மா, ஆள் நம்பரு மறந்து போச்சுன்னா மேஸ்திரியைப் போய்க் கேளு. இதுக்கெல்லாமா சாமியைக் கூப்புடறது?"

என் மனைவி என்னைப் பார்த்தாள். நான் முன்னால் போய் முழுக் கதையையும் விளக்கினேன். அவர் பொறுமையாகக் கேட்டார். கேட்டு முடித்ததும் அவர் குரல் மாறிவிட்டது. "அப்ப எதிராளின்னு நம்பரையே போட்டுருவோம். 'எதிராளி: நம்பர்.' சரி, எதிராளி இருக்கற ஊரு எது? மைலு எழுதணும்."

"ரங்கூன்" என்றார் ரங்கூன்காரம்மா.

"யக்கா, நம்பரு தொலைஞ்சது எங்க?" என்றார் தம்பி. "நம்ம வூட்டு அடுப்புல. அடுப்புக்கு மைலு போடுங்க சார். ரெண்டரை மைலு."

"அவரு அங்கதான்டா இருக்காரு. சாமி அங்கதான் போவணும்."

"கடலு தாண்டணுமே. சாமி ஏறிப் போறதுக்கு இங்க நிக்கிறது குதிரை யக்கா, கப்பல் இல்ல."

எழுத்தர் யோசித்தார். "பம்பாய்க்குப் போட்டிருக்கேன். டில்லிக்குக் கூட ஒரு பட்டாளத்துக்காரருக்குப் போட்டிருக்கேன். ரங்கூனுக்கு இதுவரைக்கும் போட்டதில்ல. எத்தனை மைலுன்னு சொல்லுங்க, எழுதிக்கறேன்."

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். தேசப்படப் புத்தகம் என்னிடம் இருந்தது. அளந்து பார்த்தவன்தான். ஆனால் துறைமுகத்திலிருந்து துறைமுகத்துக்கு ஒரு கணக்கு, நேர்கோட்டில் ஒரு கணக்கு. "கடல் வழியாவா, நேர் வழியாவா?" என்று கேட்டேன்.

"சாமி எந்த வழியாப் போவும்னு எனக்கு எப்பிடி சார் தெரியும்?" என்றார் எழுத்தர்.

நான் முடிவு செய்வதற்குள் தம்பி முடிவு செய்துவிட்டார். ரெண்டரை மைல் என்றே எழுதினோம். ரங்கூன்காரம்மா சீட்டை வேலில் கட்டியபோது, இறுக்கிக் கட்டிய முடிச்சை மறுபடி அவிழ்த்து மறுபடி கட்டியதைப் பார்த்தேன். மைல் விஷயத்தில் அவருக்குச் சமாதானமில்லை.

வெளியே வந்து மரத்தடியில் புளிசோறு சாப்பிட உட்கார்ந்தோம். பிராது எழுதத் தேவைப்படும் என்று அந்தக் காகிதத்தையும் கொண்டுவந்திருந்தோம். கூட வந்திருந்த ரங்கூன்காரம்மாவின் பெண் சாப்பிட்டு முடித்ததும் அதை எடுத்து, வெயிலுக்கு மறைப்பாக முகத்துக்கு மேலே பிடித்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தது.

"கையைத் தொடைச்சியாடி?" என்று அம்மா அதட்டியதும் சட்டென்று கீழே இறக்கி, "அம்மா, போட்டோ இருந்த எடத்துல என்னமோ எழுதியிருக்குது. திரும்பிக்கிட்டு இருக்குது" என்றது.

ரங்கூன்காரம்மா காகிதத்தைச் சாய்த்துப் பிடித்தார். கோந்து மினுமினுப்புக்குள் மிக வெளிறிய நீலத்தில் சில கோடுகள். விளக்கு வெளிச்சத்தில் எங்களுக்குக் கறையாகவே தெரிந்தவை. கொட்டகையில் ஜாடி மேல் ரோஜாப்பூ ஒட்டுவதற்கு அச்சடித்த காகிதம் வரும். அதன் பின்பக்கம் பார்த்தால் எழுத்தெல்லாம் திரும்பித் தெரியும். அதைத்தான் அவர் சொன்னார். "பூக்காகிதம் மாதிரி இருக்குதுண்ணே."

கண்ணாடி வேண்டும். தேர்முட்டி ஓரம் வளையல் கடை போட்டிருந்த அம்மாவிடம் வட்டமான கைக்கண்ணாடி ஒன்றை வாங்கி வந்தாள் என் மனைவி. காகிதத்துக்கு எதிரே பிடித்தோம். ஐந்து தலைகள் ஒரே கண்ணாடிக்குள் நுழையப் பார்த்தன.

ஆறு. சைபர். எட்டு.

போட்டோவின் பின்பக்கம் யாரோ நம்பரை மசியால் எழுதி, காய்வதற்குள் கோந்து தடவி ஒட்டியிருக்கிறார்கள். கோந்து பட்ட இடத்து மசி காகிதத்தில் ஒட்டிக்கொண்டுவிட்டது. ஆறுக்கு முன்னால் இன்னோர் எண் பாதி தெரிந்தது, கீழ்ப்பாதி மட்டும். இரண்டு என்றாள் மனைவி. ஐந்து என்றார் தம்பி. கண்ணாடியைத் திருப்பித் திருப்பிப் பார்த்ததில் எது நிஜம், எது நிழல் என்பதே எனக்குக் குழம்பிவிட்டது. அதற்கும் முன்னால் காகிதம் வெறுமையாக இருந்தது. அந்தப் பக்கம் கோந்து தடவவே இல்லை.

ரங்கூன்காரம்மாதான் முதலில் அதன் பொருளைப் பிடித்தார். "கோந்து படாத எடத்து மசி எங்க போவும்? போட்டோவுலயேதான் இருக்கும். போட்டோ அவருகிட்ட இருக்குது."

பாதி நம்பர் இங்கே, மீதி நம்பர் ரங்கூனில்.

தம்பி கோயிலைப் பார்த்துக் கும்பிட்டார். "சீட்டு இன்னும் காத்துல ஆடிக்கூட முடிக்கல, அதுக்குள்ள வேலையை ஆரம்பிச்சிட்டாரு."

"ரெண்டரை மைலுக்கு ரெண்டரை மைலு அளவுக்குத்தான் செஞ்சிருக்காரு" என்றார் அக்கா.

அன்றே கடிதம் போயிற்று. கடைசி மூன்று எண்களையும், அவற்றுக்கு முன்னால் உள்ளது இரண்டா ஐந்தா என்ற சந்தேகத்தையும் நான் கொட்டை எழுத்தில் எழுதினேன். போட்டோவின் பின்பக்கத்தைப் பார்க்கச் சொல்லி மற்றதை ரங்கூன்காரம்மா எழுதினார்.

பிறகு காத்திருப்பு. ஆவணி போயிற்று. அவர் தபாலைப் பற்றி என்னிடம் ஒருநாளும் கேட்கவில்லை. தபால்காரரின் சைக்கிள் மணி கேட்கும்போது பச்சை ஜாடியைத் துடைத்து வழவழப்பாக்கும் ஸ்பாஞ்சு அவர் கையில் அசையாமல் நின்றுவிடும். அவ்வளவுதான். ஒருநாள் சூளையிலிருந்து வந்த சாமானைப் பிரிக்கும்போது மேஸ்திரி சத்தம் போட்டார். "எவன்டா இது அறுநூத்தி எட்டாம் நம்பரு? நம்ம கொட்டகையில அறுபது பேரு கூட இல்ல!" ஜாடியைக் கவிழ்த்துக் காட்டினார். அடியில் 608 என்று கீறியிருந்தது. நாற்பத்தேழைக் கீற வேண்டிய கை எதை நினைத்துக்கொண்டு கீறியது என்று எனக்குத் தெரிந்தது. ரங்கூன்காரம்மா இருந்த பக்கம் நான் பார்க்கவில்லை. "என் கணக்குல வெச்சிடுங்க மேஸ்திரி, வூட்டுக்கு ஒரு ஜாடி வேணும்" என்றேன். இன்றும் எங்கள் வீட்டில் உப்பு அதில்தான்.

பதில் ஐப்பசி மழையில் நனைந்து வந்தது. மசி இங்குமங்கும் கரைந்திருந்தாலும் படிக்க முடிந்தது.

'போட்டோவைப் பெட்டி மூடியின் உள்பக்கம் சோற்றுப் பசையால் ஒட்டியிருந்தேன், திறக்கும்போதெல்லாம் தெரிய வேண்டும் என்று. இப்போது உரிக்கச் சொல்கிறாய். ஒரு பகல் முழுக்க ஈரத்துணி போட்டு ஊற வைத்தேன். உன் முகம் தப்பித்தது. ஒரு காதும் தோளும் மூடியோடு தங்கிவிட்டன. பின்பக்கத்தில் இரண்டு எண்கள் தெளிவாக இருக்கின்றன. மூன்றாவது பாதிதான், மேல்பாதி. அதன் தலை தட்டையாகக் கோடு போட்டதுபோல இருக்கிறது. இரண்டாக இருந்தால் தலை உருண்டையாக இருந்திருக்கும். ஆகவே அது ஐந்து. நீங்கள் எழுதிய மூன்றையும் சேர்த்துக் கொடுத்தேன். குமாஸ்தா பீரோவைத் திறந்து உள்ளே கைவிட்டு உன் பைலை எடுத்தார். அதில் இருந்த போட்டோவைக் காட்டி, நீதானா என்று என்னைப் பார்க்கச் சொன்னார். நீதான். இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.'

"ஐந்துன்னு அப்பவே சொன்னேன்" என்றார் தம்பி. அதை அவர் பல வருஷம் சொல்லிக்கொண்டிருந்தார்.

கணவர் 1968 தை மாதம் வந்து சேர்ந்தார். சென்னையிலிருந்து வந்த ரயிலில், தகரப் பெட்டியோடு. நான் நினைத்திருந்ததைவிடக் குள்ளம். குரல் மிகத் தாழ்வு. ஜங்ஷனில் மகள் அவரை அடையாளம் தெரியாமல் அம்மாவின் பின்னால் ஒதுங்கியது. அவர் அதைக் கட்டாயப்படுத்தவில்லை. பிளாட்பாரத்திலேயே குனிந்து பெட்டியைத் திறந்தார். மூடியின் உள்பக்கத்தில் ஒரு காதும் தோளும் மட்டும் ஒட்டிக்கொண்டிருந்தன. "இது யாருன்னு சொல்லு பாப்போம்" என்றார். பெண் காதைப் பார்த்தது, கம்மலைப் பார்த்தது. "அம்மா" என்றது. அதன் பிறகு பெட்டியை நானும் தம்பியும் தூக்க, அந்தப் பெண் அவர் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தது.

அடுத்த வாரம் ராஜினாமா செய்ய மணவாளநல்லூருக்குப் போனோம். அதே எழுத்தர், காதில் அதே பென்சில். பழைய பதிவைத் தேடி எடுத்து வாசித்தார். "மனுதாரர் சரி. எதிராளி... நம்பர்." நினைவு வந்து முகம் மலர்ந்தது. "காரியம் முடிஞ்சுதா? எதிராளி ஆஜராயிட்டாரா?"

கணவருக்கு இந்த ஏற்பாடெல்லாம் எதுவும் தெரியாது. மேசை, அதற்குப் பின்னால் ஒரு குமாஸ்தா, அவர் கையில் பதிவு, ஒரு கேள்வி. மாதக்கணக்கில் கவுண்டர்களில் நின்று நின்று பழகிய கால்கள் தாமாகவே ஓரடி முன்னால் வந்தன. கைகளைக் கட்டிக்கொண்டு, தன் மனைவியின் நம்பரை முதலிலிருந்து கடைசிவரை, ஓர் எண் பிசகாமல் சொன்னார்.

எழுத்தர் அவரை நிமிர்ந்து பார்த்தார். "அது நம்பரு. ஆளு எங்க?"

"ஆளு இவருதாங்க" என்றார் ரங்கூன்காரம்மா.

கணவர் சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு வெட்கத்தோடு சிரித்தார். எழுத்தர் ராஜினாமா என்று எழுதப் பென்சிலை எடுத்தார். ரங்கூன்காரம்மா அந்தத் தாளின் மேல் கையை வைத்துவிட்டார்.

"மைலைத் திருத்திட்டு எழுதுங்க. ரெண்டரை மைலு தப்பு. சாமி ரங்கூனுக்குப் போயிருக்குது."

"யக்கா, அதான் முடிஞ்சு போச்சே" என்றார் தம்பி.

"முடிஞ்சதாலதான்டா சொல்றேன்."

எழுத்தர் என் பக்கம் திரும்பினார். இந்த முறை நான் தயாராக வந்திருந்தேன். கடல் வழிக் கணக்கைச் சொன்னேன். அவர் பழைய மைலை அடித்துவிட்டு, அதற்கு மேலே புதியதை எழுதினார். எழுதிவிட்டுக் கேட்டார்:

"போனதுக்கு மட்டுமாம்மா?"

"வந்ததுக்கும் சேத்துப் போடுங்க" என்றார் ரங்கூன்காரம்மா.